ஹட்டனிலிருந்து ஜெனீவாவுக்குப் படிக்க வரும் தம்பிக்கு

தம்பி, உங்கள் கடிதத்தில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. சர்வதேச உறவுகளும் புலம்பெயர்வும் பற்றிய முதுகலைப் படிப்புக்கு ஜெனீவாவில் இடம் கிடைத்திருக்கிறது, இங்கே வாழ்க்கை எப்படி, முடித்தால் ஐ.நா.வில் வேலை கிடைக்குமா என்பது ஒன்று. ஆய்வுக்கு மலையகத்தை எடுத்தால் 'சொந்தக் கதை' என்று ஒதுக்கிவிடுவார்களா, சிரியாவையோ உக்ரைனையோ எடுப்பது புத்தியா என்பது மற்றது. எனக்கு இரண்டாவதுதான் பெரிதாகப் படுகிறது. ஆனாலும் வயிற்றுப்பாட்டை முதலில் பேசிவிடுவோம்.

வந்ததும் 'பி' அனுமதி அட்டை தருவார்கள். ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். ஐரோப்பாவுக்கு வெளியிலிருந்து வரும் மாணவர் முதல் ஆறு மாதம் வேலை செய்ய முடியாது. அதன்பிறகும் படிப்புக் காலத்தில் வாரத்துக்கு 15 மணித்தியாலம்தான். ஆகவே, போய் உழைத்துக் கட்டலாம் என்று நம்பிக் கடன் வாங்கிக்கொண்டு வராதீர்கள். புலமைப்பரிசில் இல்லையென்றால் ஓராண்டு பொறுத்து மறுபடியும் விண்ணப்பியுங்கள். இதில் எனக்கு இரண்டாம் அபிப்பிராயம் இல்லை. வந்து மூன்று மாதத்துக்குள் மருத்துவக் காப்புறுதி எடுக்க வேண்டும். அறை கிடைப்பது குதிரைக்கொம்பு. இன்றைக்கே மாணவர் விடுதிகளுக்கு எழுதிப்போடுங்கள். எல்லைக்கு அப்பால் அன்மாஸில் வாடகை குறைவு, ரயிலில் அரை மணிக்குள் வந்துவிடலாம் என்று யாராவது சொல்வார்கள். அது பிரான்ஸ். உங்கள் சுவிஸ் அட்டை அங்கே வசிக்கும் உரிமையைத் தராது.

வேலை விடயத்தில் ஆசை காட்ட எனக்கு மனமில்லை. ஐ.நா. செயலகத்தில் பயிற்சி பெறுவோருக்குச் சம்பளம் கிடையாது. 2015இல் ஒரு பயிற்சி மாணவர் இங்கே கூடாரம் அடித்துத் தங்கியது உலகச் செய்தியானது. சர்வதேச தொழிலாளர் அமைப்பும் உலக சுகாதார நிறுவனமும் பயிற்சியாளருக்குப் படி கொடுக்கின்றன. அங்கே முதலில் முயலுங்கள். 2025இல் அமெரிக்கா நிதியை வெட்டியதன்பின் அகதிகளுக்கான உயர் ஆணையமும் புலம்பெயர்வுக்கான அமைப்பும் ஆயிரக்கணக்கான பணியிடங்களைக் குறைத்துவிட்டன. படிப்பு முடிந்து வேலை தேட உங்களுக்குக் கிடைப்பது ஆறு மாதம். பிரெஞ்சு மொழியை இப்போதே தொடங்குங்கள். வகுப்பை ஆங்கிலத்தில் ஓட்டிவிடலாம், வீட்டு வாடகை ஒப்பந்தத்தை அப்படி வாசிக்க முடியாது.

இனி, கேட்க வேண்டியதைக் கேட்டீர்களே, அதற்கு வருகிறேன்.

நான் 1989இல் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவள். பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகப் புகலிட விசாரணைகளில் மொழிபெயர்த்தேன். விசாரணை முடிந்ததும் எழுதிய பதிவை வரிக்கு வரி தமிழில் திருப்பி வாசித்துக் காட்டுவோம். ஒவ்வொரு பக்கத்திலும் புகலிடம் கேட்டு வந்தவர் கையொப்பம் வைப்பார். வந்தவர் 'மாரி காலத்தில் பிடித்தார்கள்' என்பார். எந்த மாதம் என்று அதிகாரி கேட்பார். ஐப்பசி என்று ஒருநாள் சொன்னவர் அடுத்த விசாரணையில் மார்கழி என்றால் அது முரண்பாடு. மழை பெய்துகொண்டிருந்தது என்பது மட்டுமே அவருக்கு நிச்சயம். அந்தச் சொல்லை வாயில் வைத்துக்கொண்டு நான் எத்தனை தடவை தவித்திருக்கிறேன் தெரியுமா?

நாற்பத்து மூன்று வயதில் இதே துறையைப் படிக்கப் போனேன். 1951ஆம் ஆண்டு அகதிகள் உடன்படிக்கையில் யார் அகதி என்று சொல்லும் முதற்பிரிவை அங்கேதான் முழுதாக வாசித்தேன். 'நியாயமான அச்சம்' என்ற தொடரை ஒவ்வொரு நாளும் சொல்லிவந்த எனக்கு, அந்த உடன்படிக்கை முதலில் 1951 ஜனவரி 1க்கு முன் நடந்தவற்றுக்கு மட்டும் உரியது என்பது தெரியாது. விரும்பிய நாடுகள் ஐரோப்பாவில் நடந்தவற்றுக்கு மட்டும் என்றுகூடச் சுருக்கிக்கொள்ளலாம். அந்தக் கால எல்லையை நீக்கியது 1967ஆம் ஆண்டு நெறிமுறை. அது வந்திராவிட்டால் எங்களில் எவருக்கும் அந்தச் சட்டத்தில் இடமில்லை. எங்களை ஏற்பதும் மறுப்பதும் எங்கள் துயரத்தின் அளவைப் பொறுத்தது என்றே நம்பியிருந்தேன். அரசுகள் பேரம் பேசி எழுதிய வாசகங்களைப் பொறுத்தது என்று தெரிந்த அன்று எனக்கு உறக்கம் வரவில்லை.

உங்கள் வீட்டுக் கதையும் அப்படிப்பட்ட வாசகம் ஒன்றினால் ஆனதுதானே, தம்பி? 1948ஆம் ஆண்டு இலங்கைப் பிரஜாவுரிமைச் சட்டம், தோட்ட வேலைக்கு இந்தியாவிலிருந்து வந்தவர்களின் வழிவந்த மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. 1964 ஒக்டோபர் 30 அன்று இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் அவர்களைப் பங்கிட்டுக்கொள்ள டெல்லியில் ஒப்பமிட்டார்கள். 9 இலட்சத்து 75 ஆயிரம் பேர் என்று கணக்கு. 5 இலட்சத்து 25 ஆயிரம் பேர் இந்தியாவுக்கு, 3 இலட்சம் பேர் இலங்கைக்கு. மிஞ்சிய ஒன்றரை இலட்சத்தை 1974இல் 75 ஆயிரம், 75 ஆயிரமாகப் பிரித்தார்கள். தோட்டத் தொழிலாளர் தலைவர் தொண்டமான் எதிர்த்தும் பயனில்லை. உங்கள் பாட்டி ஹட்டனில் நிற்க, அவருடைய அண்ணன் தமிழ்நாட்டுக் கோத்தகிரிக்குப் போனது இந்தப் பங்கீட்டில்தான். அங்கே அவர்களுக்குத் 'தாயகம் திரும்பியோர்' என்று பெயர். ஹட்டன் தோட்டத்து லயத்து வீட்டில் பிறந்து, கோத்தகிரியைக் கண்ணால் கண்டிராத ஒருவர் எங்கே திரும்பினார்? அந்த ஒரு சொல்லுக்குள் ஒரு முழு ஆய்வு இருக்கிறது.

ஒதுக்கிவிடுவார்களா என்கிறீர்கள். ஜெனீவாவிலிருந்து ரயிலில் முக்கால் மணி தூரத்தில் லோசான். 1923 ஜனவரியில் கிரேக்கமும் துருக்கியும் அங்கேதான் மக்களை மாற்றிக்கொள்ள ஒப்பந்தம் செய்தன. மதத்தை வைத்துப் பிரித்தார்கள். துருக்கி மொழி மட்டும் தெரிந்த கிறிஸ்தவர்கள் கிரேக்கத்துக்குப் போனார்கள். கிரேக்கம் பேசிய கிரீட் தீவு முஸ்லிம்கள் துருக்கிக்குப் போனார்கள். ஐ.நா.வுக்கு முன்னிருந்த சர்வதேச சங்கத்தின் அகதிகள் ஆணையர் நான்சென் அந்த யோசனையை முன்னெடுத்தவர். நாடற்றவருக்கு நான்சென் கடவுச்சீட்டு கொடுத்தவரும் அவரே. அந்தச் சங்கத்தின் ஆவணக் காப்பகம் இங்கே ஐ.நா. மாளிகையில் இருக்கிறது. கோப்புகளை இணையத்திலும் பார்க்கலாம். லோசானில் கட்டாயம், டெல்லி ஒப்பந்தத்தில் விண்ணப்பப் படிவம். படிவம் நிரப்பிப் போனவர்கள் விரும்பித்தான் போனார்களா? இந்தக் கேள்வியோடு போனால் எந்தப் பேராசிரியரும் நிமிர்ந்து உட்காருவார்.

ஒன்றில் மட்டும் நான் கண்டிப்பாக இருப்பேன். பாட்டியின் கண்ணீரை எழுதி அதையே ஆய்வு என்று கொடுக்காதீர்கள். நானும் முதல் கட்டுரையில் அதைத்தான் செய்தேன். என் ஆசிரியர் பொறுமையாகத் திருப்பித் தந்தார். எந்தச் சட்டம், எந்தத் திகதி, யார் பேசினார், யாரைக் கேட்கவில்லை என்று தேடிப் போங்கள். கண்ணீர் அந்தத் தாள்களுக்கு இடையிலேயே தெரியும்.

கோத்தகிரித் தாத்தா எழுதிய கடிதங்கள் அம்மாவின் தகரப் பெட்டியில் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். பிரஜாவுரிமை விண்ணப்பத்தின் ரசீதும் அதில் இருந்தால் சேர்த்து எடுங்கள். அடுத்த மழைக்கு முன் எல்லாவற்றையும் படம் பிடியுங்கள், பின்பக்கத்தையும் மறவாமல். அலுவலக முத்திரை சிலவேளை அந்தப் பக்கத்தில்தான் இருக்கும். மூலப் பிரதிகள் அம்மாவிடமே இருக்கட்டும்.