ஒன்பது நிமிடப் பள்ளம் – கடிதம்

அன்புள்ள சார்,

உங்கள் தொடர்கதையின் இரண்டு பகுதிகளையும் படித்தேன். கல்மண்டபத்தில் வாட்ச் ரிப்பேர் கடை வைத்திருக்கும் பாய், காலத்தில் எங்கெங்கே கலக்கம் இருக்கிறது என்று வரைபடம் போடும் கருவியைச் செய்கிறார். நல்ல கற்பனை. ஆனால் சில சந்தேகங்கள். காலமே கலங்கினால் கருவிக்குள் இருக்கும் கடிகாரமும் சேர்ந்துதானே கலங்கும்? அப்புறம் கருவிக்கு எப்படித் தெரியும்? ராயபுரம் தண்டவாளத்தை ஒட்டி ‘ஒன்பது நிமிடப் பள்ளம்’ வருகிறதே, ஏன் ஒன்பது? கொருக்குப்பேட்டை ரயில்வே கேட்டை ஏன் விட்டுவிட்டீர்கள்? எங்களுக்கு அங்கேதான் காலம் நிற்கிறது. கடைசியாக, காசிமேட்டு வரைபடத்தில் சுனாமி வந்த 2004 டிசம்பர் 26-ஐ மட்டும் ஏன் வெற்றாக விட்டீர்கள்? நான் அதைத்தான் எதிர்பார்த்துக்கொண்டிருந்தேன்.

ம.
தண்டையார்பேட்டை

அன்புள்ள ம.,

முதல் சந்தேகம் நியாயமானது. ஒரே ஒரு கருவி இருந்தால் அதற்கு ஒன்றும் தெரியாது. அதனால்தான் பாய் மூன்று பெட்டி செய்கிறார். ஒன்று ராயபுரம் ஸ்டேஷன் பக்கம், ஒன்று காசிமேட்டு ஹார்பரில், ஒன்று திருவொற்றியூர் தேரடியில். கொத்தனார் டியூபில் தண்ணீர் விட்டு மட்டம் பார்ப்பதைக் கவனித்திருப்பீர்கள். ஒரு முனையை மட்டும் பிடித்துக்கொண்டு நின்றால் மட்டம் கிடைக்காது, மறுமுனையை இன்னொருவர் அடுத்த சுவரில் பிடிக்க வேண்டும். பெட்டிகளும் ஒன்றுக்கொன்று நேரம் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. நான்காவதாக ஒரு சின்னப் பெட்டியை டூவீலரில் வைத்துக்கொண்டு பாயின் மருமகன் தெருத்தெருவாகச் சுற்றுகிறான். ஒரே அளவு பிந்தும் இடங்களைக் கோட்டால் இணைத்தால் வரைபடம் வந்துவிடும். கோடுகள் நெருங்கி விழும் இடத்தில் கலக்கம் அதிகம்.

இதில் பெட்டிதான் கற்பனை. இரண்டு இடங்களில் காலம் வெவ்வேறு வேகத்தில் ஓடும் என்பது ஐன்ஸ்டைன் சொல்லி, பிறகு அளந்தும் பார்த்த விஷயம். 2010-ல் அமெரிக்க ஆய்வகம் ஒன்றில் இரண்டு அணுக்கடிகாரங்களில் ஒன்றைச் சுமார் 33 சென்டிமீட்டர் உயர்த்தி வைத்தார்கள். மேலே இருந்தது துளியூண்டு வேகமாக ஓடியது. ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையில் இருப்பவற்றைவிட நாளுக்குச் சுமார் 38 மைக்ரோ செகண்ட் முந்தும். அதைக் கணக்கில் எடுக்காவிட்டால் ஒரே நாளில் இடம் 10 கிலோமீட்டர் அளவுக்குத் தப்பிப்போகும். காசிமேட்டு விசைப்படகுகளில் ஜிபிஎஸ் இல்லாமல் யார் ஆழ்கடலுக்குப் போகிறார்கள்? பாயின் பெட்டியில் பாதி ஏற்கெனவே கடலுக்குப் போய் வந்துகொண்டிருக்கிறது.

ஒன்பது நிமிடத்துக்கு வருகிறேன். நுங்கம்பாக்கத்தில் 1792-ல் கிழக்கிந்தியக் கம்பெனி வானாய்வகம் கட்டியது. அங்கே கணித்த மெட்ராஸ் நேரம் கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் முன்னால் இருந்தது. பம்பாய் நேரத்துக்கும் கல்கத்தா நேரத்துக்கும் நடுவில் இருந்ததால் ரயில்காரர்கள் இதையே பொது நேரமாக எடுத்துக்கொண்டார்கள். 1906 ஜனவரி 1 முதல் இந்திய நேரம் 5 மணி 30 நிமிடம் என்று ஆனது. இடையில் விழுந்ததுதான் அந்த 9 நிமிடம். பள்ளத்தை நுங்கம்பாக்கத்தில் போட்டிருக்கலாம்தான். ஆனால் நுங்கம்பாக்கம் நேரத்தைக் கணித்துச் சொன்ன இடம், அதற்குக் கட்டுப்பட்டு ஓடியது ரயில். தென்னிந்தியாவின் முதல் ரயில் 1856-ல் கிளம்பியது ராயபுரத்திலிருந்து.

அரசாங்கம் முள்ளை நகர்த்தி வைத்ததெல்லாம் காலக் கலக்கமா என்று அடுத்துக் கேட்பீர்கள். பாயின் பெட்டிக்கு அந்த வித்தியாசம் தெரியாது. எந்தக் கருவிக்கும் தெரியாது என்றே நினைக்கிறேன். இரண்டு கடிகாரங்கள் ஒத்துப்போகவில்லை என்பது வரைக்கும்தான் கருவி சொல்லும். காரணம் பூமியின் ஈர்ப்பா, யாரோ போட்ட உத்தரவா, தீர்ந்துபோன பேட்டரியா என்று மனிதன்தான் அலைந்து பார்க்க வேண்டும். பாய் அப்படி அலைவதுதான் என் கதை. இரண்டாம் பகுதியில் வரும் ஒரு மணி நேர மேடும் இட்டுக்கட்டியது இல்லை. போருக்காக 1942 முதல் 1945 வரை இந்தியக் கடிகாரங்களை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைத்திருந்தார்கள். பழைய கலக்கத்தின் மிச்சத்தையும் பெட்டி பிடிக்கும் என்பது மட்டும் நான் எனக்கே கொடுத்துக்கொண்ட சலுகை. அதுகூட இல்லையென்றால் கதை எழுத முடியாது!

கொருக்குப்பேட்டை கேட்: இந்தப் பக்கம் ஷேர் ஆட்டோவில் புழுங்குகிறவருக்கும் அந்தப் பக்கம் பைக்கில் நிற்பவருக்கும் வாட்ச் ஒரே நேரத்தைத்தான் காட்டும். அங்கே பெட்டியை வைத்தால் ஒரு கோடும் விழாது. (மருமகன் கேட்டில் மாட்டிக்கொண்டு, பெட்டி ரிப்பேர் என்று சண்டை போடுவதாக எழுதலாம் போலிருக்கிறது. யோசனைக்கு நன்றி.)

2004 டிசம்பர் 26-ஐத் தெரிந்துதான் விட்டேன். சுமத்ரா பக்கம் நிலம் அதிர்ந்தது நம் நேரப்படி காலை 6.29-க்கு. அலை சென்னைக் கரைக்கு வர இரண்டு மணி நேரத்துக்கு மேல் பிடித்தது. அந்த இரண்டு மணி நேரமும் காலம் ஒழுங்காகத்தான் ஓடியது. நில அதிர்வுமானிகளும் வேலை செய்தன. அதிர்வுக்குப் பின்னால் அலை வருகிறதா என்று கடலில் பார்த்து, கரைக்குச் சொல்கிற ஏற்பாடுதான் இந்தியப் பெருங்கடலில் அன்று இல்லை. ஹைதராபாத்தில் அதற்கான எச்சரிக்கை மையம் 2007-ல்தான் வந்தது. இருந்திருக்க வேண்டிய ஒரு நிஜக் கருவி இல்லாமல் போனதை, என் பொய்க் கருவியின் கோடுகளாக வரைந்து அழகு பார்க்க எனக்கு மனசு வரவில்லை. காசிமேட்டிலிருந்தும் இந்தக் கதையைப் படிக்கிறார்கள்.

மூன்றாம் பகுதியிலும் அந்த நாள் வராது. ஹார்பர் பெட்டியைக் கழற்றி எண்ணூர் முகத்துவாரத்துக்குக் கொண்டுபோகிறார்கள். படித்துவிட்டு எழுதுங்கள்.