அவனுக்குத் தெரிந்த ஒரே பாஸ்வேர்டு

கேள்வி: பத்து வயது மகன் மைன்கிராஃப்ட் கேம் வேண்டும் என்று அடம்பிடித்தான். காசு கொடுத்து வாங்க மனமில்லை. நண்பன் சொன்ன ஒரு வெப்சைட்டில் ஈகிளர்கிராஃப்ட் என்று இலவசமாக விளையாடுகிறான். லேப்டாப் என்னுடையது. சும்மா சும்மா கூப்பிடுவானே என்று பாஸ்வேர்டை அவனிடமே சொல்லிவிட்டேன், என் மெயிலுக்கும் அதேதான். இப்போது திரையின் ஓரத்தில் 'வைரஸ்' என்று அடிக்கடி வருகிறது. லேப்டாப்பைப் பூட்டி வை என்கிறார் கணவர். என்ன செய்வது?
- வாசகி, திருப்பூர்

பதில்: வைரஸ் கிடக்கட்டும். போகிற போக்கில் ஒன்று எழுதியிருக்கிறீர்களே, 'சும்மா சும்மா கூப்பிடுவானே' என்று. பத்து வயதுப் பிள்ளை அம்மாவைக் கூப்பிடாமல் வேறு யாரைக் கூப்பிடுவான்?

ஈகிளர்கிராஃப்ட் மைன்கிராஃப்டின் பழைய பதிப்பை பிரவுசரில் ஓடும்படி வெளியாட்கள் மாற்றியது. மைன்கிராஃப்டை உருவாக்கிய மோஜாங் நிறுவனத்தின் அனுமதி இல்லை. காப்புரிமைப் புகார் போய் ஒரு முகவரி மூடினால், யார் யாரோ நகலெடுத்து வேறு முகவரிகளில் போடுகிறார்கள். நகலில் என்ன சேர்த்திருக்கிறார்கள் என்று பார்த்ததும் தெரியாது.

பலர் சேர்ந்து ஆடும் சர்வருக்குள் நுழைந்தால், பெரும்பாலும் 'ரெஜிஸ்டர்' என்று அடித்துப் பக்கத்தில் ஒரு பாஸ்வேர்டு போடச் சொல்லும். உங்கள் மகனுக்குத் தெரிந்த பாஸ்வேர்டு ஒன்றுதான். அதைப் போட்டிருந்தால், முகம் தெரியாத சர்வர்க்காரர் கைக்கு உங்கள் மெயில் சாவி போய்விட்டது. இன்றே உங்கள் போனிலிருந்து மெயில் பாஸ்வேர்டை மாற்றுங்கள். பாஸ்வேர்டோடு இன்னொரு சரிபார்ப்பும் கேட்கும் டூ-ஸ்டெப் வெரிஃபிகேஷனைப் போடுங்கள். ஜிமெயில் என்றால், கூகுள் அக்கவுண்டின் 'யுவர் டிவைசஸ்' பகுதியில் தெரியாத கருவி இருந்தால் வெளியேற்றுங்கள். லேப்டாப் பாஸ்வேர்டையும் மாற்றுங்கள், இந்த முறை அவனிடம் சொல்லாதீர்கள்.

அந்த 'வைரஸ்' பெரும்பாலும் வைரஸே இல்லை. ஏதோ ஒரு பக்கம் அறிவிப்பு அனுப்ப 'அலோ' (அனுமதி) கேட்டிருக்கும், அவன் அமுக்கியிருப்பான். குரோம் செட்டிங்ஸில் பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, சைட் செட்டிங்ஸ், நோட்டிஃபிகேஷன்ஸ் என்று போய், தெரியாத முகவரிகளை நீக்குங்கள். பயந்துபோய் அந்த அறிவிப்பைத் தட்டினால்தான் வம்பு. பிரவுசர் ஆட்டத்துக்கு எக்ஸ்டென்ஷனோ இன்ஸ்டால் ஃபைலோ தேவையே இல்லை. கேட்டால் பக்கத்தை மூடிவிடுங்கள்.

ஒன்று கவனம். அவன் தனியாக ஆடிக் கட்டிய உலகமெல்லாம் அந்த பிரவுசருக்குள்தான் இருக்கிறது. சுத்தம் செய்கிறேன் என்று 'சைட் டேட்டா'வை அழித்தால் அத்தனையும் போய்விடும். முதலில் அவனையே ஆட்டத்துக்குள் உலகத்தை ஃபைலாக பேக்கப் எடுக்கச் சொல்லுங்கள். பிறகு விண்டோஸில் அவனுக்குத் தனி அக்கவுண்ட், அட்மின் உரிமை இல்லாமல். குரோமில் இன்னொரு புரொஃபைல் மட்டும் போதாது, ஒரே கிளிக்கில் உங்களுடையதற்குத் தாவிவிடுவான்.

பிரவுசர்தான் வேண்டுமென்றால் மோஜாங்கே 2019இல் வெளியிட்ட மைன்கிராஃப்ட் கிளாசிக் இருக்கிறது. 2009ஆம் ஆண்டுப் பதிப்பு, 32 வகைக் கட்டைகள். லிங்க் அனுப்பி ஒன்பது நண்பர்கள் வரை சேர்த்துக்கொள்ளலாம். கட்டுவதற்குத் தோதானது, ஆனால் சண்டையும் சர்வைவலும் இல்லாததால் சீக்கிரம் சலித்துவிடும். அப்போது காசு கொடுத்து அசலை வாங்கிக் கொடுங்கள். அடுத்தவர் உழைப்பை ஓசியில் எடுப்பதைப் பிள்ளை வீட்டில்தானா கற்றுக்கொள்ள வேண்டும்?

பூட்டி வைப்பது உங்கள் கணவருக்குச் சுலபம். பூட்டினால் நண்பன் வீட்டில் போய் ஆடுவான், அங்கே யாரோடு பேசுகிறான் என்று இருவருக்குமே தெரியாது. லேப்டாப்பைக் கூடத்தில் வையுங்கள். இந்த ஞாயிற்றுக்கிழமை கணவரையும் பக்கத்தில் உட்கார வைத்து, எந்த சர்வர், சாட்டில் யார் என்ன கேட்கிறார்கள் என்று அவனையே காட்டச் சொல்லுங்கள். பள்ளிக்கூடத்தின் பெயரோ போன் நம்பரோ கேட்ட ஆள் ஒருவர் இருந்தாலும், அந்த சர்வருக்கு அவன் இனிப் போகக் கூடாது.