அண்ணனிடம் துருக்கியைப் பற்றிக் கேளுங்கள்

கேள்வி: நாடுகளுக்கிடையே சண்டை என்று செய்தி வந்தாலே என் அண்ணன், "அடி உதவுவதுபோல் அண்ணன் தம்பி உதவமாட்டான்" என்று தொடங்கிவிடுகிறார். பேசித் தீர்க்கலாமே என்றால், 1938 மியூனிக் ஒப்பந்தத்தைச் சொல்லி வாயை அடைக்கிறார். என்ன பதில் சொல்வது?

பதில்: அந்தப் பழமொழியை ஓர் அண்ணனே சொல்வதுதான் வேடிக்கை. போகட்டும்.

மியூனிக் விஷயத்தில் அவர் பேச்சில் நியாயம் இருக்கிறது, முதலில் ஒப்புக்கொண்டுவிடுங்கள். செக்கோஸ்லோவாகியாவின் சுடேட்டன் பகுதியைக் கொடுத்தால் ஹிட்லர் அடங்குவார் என்று பிரிட்டனும் பிரான்சும் நம்பின. ஆறே மாதத்தில் ஜெர்மன் படை அந்நாட்டுத் தலைநகர் பிராகுக்குள் நுழைந்தது. ஆனால் அதைப் பேச்சுவார்த்தை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நிலத்துக்குச் சொந்தமான செக்கோஸ்லோவாகியாவைப் பேச்சில் சேர்க்கவே இல்லை. அடுத்தவர் சொத்தைத் தாரைவார்த்தார்கள், அவ்வளவுதான்.

அடுத்து 1962 கியூபாவுக்கு வாருங்கள். அமெரிக்காவுக்குப் பக்கத்திலேயே சோவியத் ஒன்றியம் கொண்டுவந்து வைத்த ஏவுகணைகள் அங்கிருந்து ஏன் திரும்பிப் போயின என்று கேட்டால், "அமெரிக்கக் கடற்படை மறித்தது, சோவியத் தலைவர் குருஷ்சேவ் பயந்துவிட்டார்" என்பார். வெகுகாலம் உலகமே அப்படித்தான் நம்பியது. கப்பல்கள் மறித்தது உண்மை. அவை இல்லாவிட்டால் மாஸ்கோ காதுகொடுத்திருக்குமா என்பது சந்தேகம்தான். ஆனால் அக்டோபர் 27 இரவு, அமெரிக்க அதிபர் கென்னடியின் தம்பி ராபர்ட் கென்னடி சோவியத் தூதர் டோப்ரினினைத் தனியாகச் சந்தித்தார். கியூபாவைத் தாக்கமாட்டோம், துருக்கியில் உள்ள எங்கள் ஏவுகணைகளையும் சில மாதங்களில் எடுத்துவிடுகிறோம், ஆனால் துருக்கி விஷயம் மட்டும் வெளியே தெரியக் கூடாது என்றார். மறுநாள் குருஷ்சேவ் இறங்கிவந்தார். 1963 ஏப்ரலில் துருக்கி ஏவுகணைகளும் சத்தமில்லாமல் போய்விட்டன. கப்பல்களால் வழியை மறிக்கத்தான் முடிந்தது. மானம் கெடாமல் திரும்பிப் போக வழிவிட்டது அந்தச் சந்திப்பு. அதை மூடி மறைத்ததால் வந்த வினை, அடியின் பெருமை மட்டும் பாடமாகி உங்கள் அண்ணன் வரை வந்து சேர்ந்திருக்கிறது.

அடி மட்டுமே நடந்த கதை வேண்டுமானால் ஈரானும் ஈராக்கும் இருக்கின்றன. எட்டு ஆண்டுகள் போரிட்டு 1988இல் நிறுத்தியபோது, எல்லை பழைய இடத்திலேயே இருந்தது.

அண்ணன் விவரம் தெரிந்தவராக இருந்தால் யூகோஸ்லாவியா உடைந்தபோது நடந்த போஸ்னியப் போரை எடுப்பார். 1995இல் அமெரிக்காவும் மேற்கு நாடுகளும் சேர்ந்த நேட்டோ ராணுவக் கூட்டணியின் விமானங்கள் குண்டு வீசி, தரையில் குரோஷியப் படைகளும் முன்னேறிய பிறகுதான் செர்பியத் தரப்பு பேச்சுக்கு இணங்கியது. அந்த இடத்தில் அவரோடு மல்லுக்கட்டாதீர்கள். அதன் பிறகும் போஸ்னியா, குரோஷியா, செர்பியா ஆகிய மூன்றின் தலைவர்களை அமெரிக்காவின் டேட்டன் நகரில், அதுவும் ஒரு விமானப்படைத் தளத்துக்குள், மூன்று வாரம் உட்காரவைத்துப் பேசவேண்டியிருந்தது என்பதை மட்டும் சொல்லுங்கள்.