பேசுவது எந்த மாப்ள?
(வாசகர் கேள்வி – பதில்)

விளையாட்டின் நடுவே குரல்வழிப் பேசிக்கொள்வது பற்றி டெல்டா மாவட்ட வாசகர்களிடமிருந்து வந்த கடிதங்களை இந்த இதழில் ஒன்றாகத் தொகுத்துக்கொண்டிருக்கிறோம். ஒரே கேள்வியைப் பலர் வெவ்வேறு விதமாகக் கேட்டிருந்ததால், அவற்றில் தெளிவாக இருந்தவை மட்டும் இங்கே இடம்பெறுகின்றன.

கேள்வி: நாங்கள் ஐந்து பேர் ஒரே தெருவில் வளர்ந்தவர்கள். இப்போது ஒருவன் கோவையில் படிக்கிறான், இருவர் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறார்கள், மற்ற இருவர் ஊரில் இருக்கிறோம். இரவில் கணினியில் விளையாடும்போது டிஸ்கார்டு என்ற குரல்வழிப் பேச்சுச் செயலியில் பேசிக்கொள்வது வழக்கம். "மாப்ள, பின்னாடி வர்றான்டா" என்று ஒரு குரல் கேட்டால், சொன்னது யார், யாருக்குப் பின்னால் என்பது விளங்குவதற்குள் ஆள் செத்துவிடுகிறான். ஐந்து பேருமே ஒருவரையொருவர் மாப்ள என்றுதான் அழைப்போம். பேசுகிறவர் பெயரை விளையாட்டுத் திரையிலேயே பார்க்க வழி உண்டா?
— கல்லூரி மாணவர், கும்பகோணம்

பதில்: உண்டு. ஆனால் அதற்கு முன், இந்தச் சிக்கல் ஏன் வருகிறது என்பதைத் தெரிந்துகொள்வது நல்லது. கவுண்டர் ஸ்டிரைக் 2, வேலரண்ட் போன்ற விளையாட்டுகளில் அந்த விளையாட்டுக்குள்ளேயே இருக்கும் குரல் வசதியைப் பயன்படுத்தினால், பேசுகிறவரின் பெயரையோ படத்தையோ விளையாட்டே திரையின் ஓரத்தில் காட்டிவிடும். நீங்கள் பேசுவதோ டிஸ்கார்டு வழியாக. அது தனிச் செயலி. அதில் யார் பேசுகிறார் என்பது விளையாட்டுக்குத் தெரியாது. டிஸ்கார்டு தன் சன்னலில் பேசுகிறவரின் படத்தைச் சுற்றிப் பச்சை வளையம் காட்டிக்கொண்டுதான் இருக்கிறது. ஆனால் அந்தச் சன்னல் முழுத்திரை விளையாட்டுக்குப் பின்னால் மறைந்து கிடக்கிறது.

அந்த வளையத்தை விளையாட்டின் மேல் கொண்டுவந்து மிதக்க விடுவதற்குத்தான் ஓவர்லே என்று பெயர். விண்டோஸ் கணினியில் டிஸ்கார்டின் 'யூசர் செட்டிங்ஸ்' பகுதிக்குள் சென்று, 'கேம் ஓவர்லே' என்பதைத் திறந்து, அதை இயக்கிவிடுங்கள். விளையாட்டு தொடங்கியதும் அழைப்பில் இருப்பவர்களின் படங்களும் பெயர்களும் திரையில் தோன்றும். அவற்றை இடம் மாற்ற ஷிஃப்ட் விசையுடன், எஸ்கேப் விசைக்கு நேர் கீழே 1-க்கு இடப்புறம் உள்ள விசையை அழுத்தினால் ஓவர்லே கைக்கு வரும். இழுத்து வைத்துவிட்டு மறுபடி அதே விசைகளை அழுத்தினால் அங்கேயே நின்றுவிடும். சிறு வரைபடம் இருக்கும் மூலையையும், யார் யாரைச் சுட்டார் என்ற செய்திகள் ஓடும் மூலையையும் விட்டுவிட்டு, திரையின் இடப்பக்க நடுப்பகுதியில் வைப்பதே என் பரிந்துரை. எல்லோரையும் எப்போதும் காட்டுவதா, பேசும்போது மட்டும் காட்டுவதா என்பதையும் அமைப்பில் மாற்றிக்கொள்ளலாம். ஐந்து பேர் கொண்ட உங்கள் குழுவுக்குப் பேசும்போது மட்டும் காட்டினால் போதும்.

ஓவர்லே தோன்றவில்லை என்றால், முதலில் விளையாட்டின் காட்சி அமைப்பில் 'ஃபுல் ஸ்கிரீன்' என்பதை 'பார்டர்லெஸ்' என்று மாற்றிப் பாருங்கள். பெரும்பாலும் அதிலேயே சரியாகிவிடும். அப்படியும் வராவிட்டால், விளையாட்டை நிர்வாகி உரிமையுடன் ('ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்') இயக்குகிறீர்களா என்று பார்த்து, அப்படியானால் டிஸ்கார்டையும் அதே உரிமையுடன் இயக்குங்கள். அதிகம் அறியப்படாத விளையாட்டாக இருந்தால், டிஸ்கார்டு அதை அடையாளம் காணாமல் போயிருக்கலாம். பதிவுசெய்த விளையாட்டுகளின் பட்டியலில் நீங்களே சேர்த்துவிடலாம்.

கடைசியாக ஒன்று. உங்கள் ஐவரின் பயனர் பெயர்கள் எண்களும் அடிக்கோடுகளும் கலந்தவையாகத்தான் இருக்கும் என்று ஊகிக்கிறேன். சண்டையின் நடுவே அவற்றைப் படிக்க நேரம் கிடைக்காது. டிஸ்கார்டு சர்வருக்குள், அதாவது நீங்கள் கூடிப் பேசும் குழுவுக்குள், ஒவ்வொருவருக்கும் தனிப் பெயர் வைத்துக்கொள்ளும் வசதி உண்டு. தெருவில் கூப்பிடும் பட்டப்பெயரையே, நான்கைந்து எழுத்துக்குள், தமிழில் வைத்துவிடுங்கள். அது ஓவர்லேயிலும் அப்படியே வரும்.

கேள்வி: ஓவர்லே வைத்திருக்கிறேன். ஆனால் யாரும் பேசாதபோதும் ஏதாவது ஒரு பெயரில் வளையம் ஒளிர்ந்துகொண்டே இருக்கிறது. மார்கழியில் எங்கள் தெருக் கோயிலில் ஒலிபெருக்கி போட்டுவிட்டால் என் பெயரே விடாமல் ஒளிர்வதாக நண்பர்கள் சலித்துக்கொள்கிறார்கள். இது செயலியின் கோளாறா?
— வாசகர், மன்னார்குடி

பதில்: கோளாறு இல்லை. பச்சை வளையம் என்பது 'இவர் பேசுகிறார்' என்று சொல்வதாக நாம் எடுத்துக்கொள்கிறோம். உண்மையில் அது சொல்வது 'இவருடைய மைக்கிலிருந்து ஒலி வந்துகொண்டிருக்கிறது' என்பதை மட்டும்தான். அந்த ஒலி உங்கள் குரலா, திருப்பாவையா, அம்மா அரைக்கும் மிக்சியா என்ற கவலை வளையத்துக்குக் கிடையாது. எனவே ஓவர்லேயைச் சரியாக வைத்த பிறகும் யார் பேசுகிறார் என்பது குழப்பமாக இருந்தால், திருத்தவேண்டியது மைக்கை. அதுவும் ஒருவர் மட்டும் திருத்தினால் பயனில்லை, குழுவில் உள்ள எல்லோரும் செய்யவேண்டும்.

உள்ளே நடப்பது இதுதான். டிஸ்கார்டு உங்கள் ஒலியை 20 மில்லிவிநாடித் துண்டுகளாக, அதாவது விநாடிக்கு 50 துண்டுகளாக, ஓபஸ் என்ற முறையில் சுருக்கி அனுப்புகிறது. 'வாய்ஸ் ஆக்டிவிட்டி' முறையில், ஒலியின் அளவு ஒரு குறிப்பிட்ட வரம்பைத் தாண்டினால் துண்டுகள் கிளம்பும், வளையம் எரியும். தாண்டாவிட்டால் எதுவும் போகாது. அந்த வரம்பைச் செயலியே தீர்மானிக்கும்படி விட்டிருப்பீர்கள். அமைப்பில் 'இன்புட் சென்சிடிவிட்டி' என்ற இடத்தில் தானியங்கித் தேர்வை நீக்கிவிட்டு, வாயை மூடிக்கொண்டு, மின்விசிறி ஓட, வழக்கமான சத்தங்களெல்லாம் இருக்கும்போது அங்கே ஒலியின் அளவைக் காட்டும் பட்டையைப் பாருங்கள். சத்தம் எதுவரை ஏறுகிறதோ அதற்குச் சற்று மேலே வரம்பை நகர்த்துங்கள். பிறகு வழக்கமான குரலில் பேசிப் பார்த்து, அது வரம்பைத் தாண்டுவதை உறுதிசெய்துகொள்ளுங்கள்.

டிஸ்கார்டில் இருக்கும் கிரிஸ்ப் என்ற இரைச்சல் நீக்கி, மின்விசிறி, மிக்சி, விசைப்பலகைத் தட்டல் ஆகியவற்றை நன்றாகவே வடிகட்டும். ஆனால் கோயில் ஒலிபெருக்கியில் வருவது பாட்டு. அதாவது மனிதக் குரல். அதையும் உங்கள் குரலையும் பிரித்தறிவது அதற்குக் கடினம். அந்த ஒரு மாதத்துக்கு 'புஷ் டு டாக்' முறைக்கு மாறிவிடுங்கள். விசையை அழுத்தும்போது மட்டும் மைக் திறக்கும். வளையமும் அப்போது மட்டும்தான் எரியும். சுட்டியின் பக்கவாட்டுப் பொத்தானை இதற்கு ஒதுக்கினால் ஆளை நடக்கவைக்கும் விசைகளில் இருக்கும் விரல்களுக்குத் தொல்லை இல்லை. இதில் பலர் கவனிக்காத ஓர் அமைப்பு, விசையை விட்டபின் மைக் மூடுவதற்கான தாமதம். அதை மிகக் குறைவாக வைத்திருந்தால் வாக்கியத்தின் வால் அறுந்துவிடும். நம் பேச்சில் முக்கியமானது கடைசியில்தானே வருகிறது: "அந்தப் பக்கம் போகாத" என்று நீங்கள் கத்த, கேட்பவருக்கு "அந்தப் பக்கம் போ" என்று போய்ச் சேரும். தாமதத்தைக் கால் விநாடி அளவுக்கு ஏற்றிவையுங்கள்.

இன்னொன்றையும் கவனியுங்கள். நீங்கள் பேசும்போதெல்லாம் உங்கள் வளையத்தோடு இன்னொருவரின் வளையமும் ஒரு கணம் பிந்தி எரிகிறது என்றால், அந்த நண்பர் ஹெட்செட் போடாமல் ஸ்பீக்கரில் கேட்டுக்கொண்டிருக்கிறார். உங்கள் குரல் அவருடைய ஸ்பீக்கரிலிருந்து அவருடைய மைக்குக்குள் நுழைந்து திரும்பி வருகிறது. அவரிடம் சண்டை போடுவதற்கு வளையமே சாட்சி.

கேள்வி: என்னுடையது அரசு கொடுத்த பழைய மடிக்கணினி. ஓவர்லேயை இயக்கினால் விளையாட்டு திக்குகிறது. மாற்று வழி?
— வாசகர், வலங்கைமான்

பதில்: ஓவர்லேயை அணைத்துவிடுங்கள். விளையாட்டை முழுத்திரையில் வைக்காமல் சிறிய சன்னலில் ஓட்டி, மீதமுள்ள ஓரத்தில் டிஸ்கார்டைத் தெரியும்படி வைத்தால் போதும். சன்னல் சிறிதாவதால் விளையாட்டும் சற்று வேகமாக ஓடும். வீட்டில் பழைய மானிட்டர் ஒன்று சும்மா கிடந்தால், அதை இணைத்து டிஸ்கார்டை அதில் போட்டுவிடுவது இதைவிட நல்லது.

கேள்வி: கைப்பேசியில் பிஜிஎம்ஐ (பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா) விளையாடுகிறோம். அதில் பேசுகிறவர் யார் என்று தெரியுமா?
— வாசகர், மயிலாடுதுறை

பதில்: விளையாட்டுக்குள் இருக்கும் குரல் வசதியில் பேசினால் தெரியும். உங்கள் அணியில் நான்கு பேருக்கும் 1 முதல் 4 வரை எண்ணும் தனி நிறமும் உண்டு. பேசுகிறவரின் பெயருக்கு அருகே ஒலிபெருக்கிக் குறி தோன்றும். அதே எண்ணும் நிறமும்தான் வரைபடத்திலும் இருப்பதால், குறியைப் பார்த்த கையோடு அவர் எங்கே நிற்கிறார் என்பதையும் கண்டுகொள்ளலாம். இந்த வசதி வெளிச் செயலி எதிலும் கிடைக்காது. பலர் வாட்ஸ்அப் குழு அழைப்பில் பேசிக்கொண்டே விளையாடுகிறார்கள். பேசுகிறவர் யார் என்பதை அவர்கள் தாமாகவே மறைத்துக்கொள்கிறார்கள் என்றுதான் சொல்வேன். நான்கு பேருக்குள் விளையாடும்போது விளையாட்டின் குரலே போதும்.

கேள்வி: என் தம்பி பத்தாம் வகுப்பு படிக்கிறான். ஒரு காது சரியாகக் கேட்காது. நண்பர்களோடு கணினியில் விளையாடும்போது யார் பேசுகிறார்கள் என்று அறிய முடியாமல், பேசாமல் எழுந்து வந்துவிடுகிறான். அவனுக்கு ஏதாவது வழி சொல்லுங்கள் ஐயா.
— ஆசிரியை, திருத்துறைப்பூண்டி

பதில்: அம்மா, ஓவர்லே மற்றவர்களைவிட உங்கள் தம்பிக்குத்தான் அதிகம் பயன்படும். ஆனால் கும்பகோணம் வாசகருக்குச் சொன்னதற்கு மாறாக, பேசும்போது மட்டும் காட்டும் அமைப்பு இவருக்கு வேண்டாம். அப்படி வைத்தால் ஒவ்வொருவரின் படமும் ஒவ்வொரு முறை வெவ்வேறு இடத்தில் முளைக்கும். பெயரைப் படித்தால்தான் ஆள் தெரியும். எல்லோரையும் எப்போதும் காட்டும்படி வைத்து, படத்தின் அளவைப் பெரிதாக்கிவிடுங்கள். ஆட்கள் மாறாதவரை வரிசையும் மாறாது என்பதால், மேலிருந்து இரண்டாவது படம் எரிந்தால் இன்னார் என்பது சில நாளில் கண்ணுக்குப் பழகிவிடும். நண்பர்களிடம் சொல்லி, ஆளுக்கு ஒரு நிறமாக, அடர்ந்த நிறத்தில் படம் வைக்கச் சொல்லுங்கள்.

விண்டோஸின் 'ஆக்சஸிபிலிட்டி' அமைப்பில் 'மோனோ ஆடியோ' என்றொரு தேர்வு இருக்கிறது. அதை இயக்கினால் இரு காதுகளுக்கும் பிரிந்து செல்லும் ஒலி ஒன்றாகக் கலந்து வரும். கேட்காத காதின் பக்கம் போகும் எதுவும் தவறிப்போகாது. இதற்கு ஒரு விலையும் உண்டு: காலடிச் சத்தம் எந்தத் திசையிலிருந்து வருகிறது என்பது தெரியாது. ஃபோர்ட்நைட் போன்ற சில விளையாட்டுகளில் சத்தம் வரும் திசையைத் திரையில் படமாகக் காட்டும் தேர்வு இருக்கிறது. அது உள்ள இடத்தில் அதையும் இயக்கிவிடுங்கள். டிஸ்கார்டில் ஒவ்வொருவரின் பெயரிலும் வலச்சொடுக்கு செய்து அவருடைய ஒலியை மட்டும் 200 விழுக்காடு வரை உயர்த்தலாம் என்பதும், யாராவது பேசும்போது விளையாட்டின் சத்தம் தானாகக் குறையும்படி வைக்கலாம் என்பதும் தம்பிக்கு உதவும்.

சொல்வதை எழுத்தாகவே பார்க்கவேண்டுமென்றால், ஆண்ட்ராய்டு கைப்பேசியில் கூகுளின் லைவ் டிரான்ஸ்கிரைப் தமிழையும் எழுதிக் காட்டும். ஸ்பீக்கருக்கு அருகில் கைப்பேசியை வைக்கவேண்டும். அது சொல்லப்பட்டதை எழுதுமே தவிர, சொன்னவர் பெயரை எழுதாது. இரண்டு பேர் சேர்ந்து பேசினால் குழம்பிவிடும். வளையத்தையும் எழுத்தையும் சேர்த்துப் பார்த்தால்தான் முழுச் செய்தி கிடைக்கும். ஸ்பீக்கரில் வைப்பதால் மன்னார்குடி வாசகருக்குச் சொன்ன எதிரொலிச் சிக்கல் வரும் என்பதால், தம்பி 'புஷ் டு டாக்' முறையில்தான் பேசவேண்டும். வாயால் சொல்வதோடு நில்லாமல், எதிரியைக் கண்ட இடத்தில் விளையாட்டுக்குள்ளேயே குறி வைக்கும் வசதியைப் பயன்படுத்துமாறும் நண்பர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். 2019இல் வந்த ஏபெக்ஸ் லெஜண்ட்ஸில் அந்தக் குறிகளை மட்டும் வைத்துக்கொண்டே ஒரு வார்த்தை பேசாமல் ஆடிவிடலாம்.

கேள்வி: யூடியூபில் நேரலையாக விளையாடுகிறேன். என்னோடு பேசும் நண்பர்களின் பெயர்கள் எனக்குத் தெரிகின்றன, பார்ப்பவர்களுக்குத் தெரியவில்லை. ஏன்?
— வாசகர், தஞ்சாவூர்

பதில்: நேரலைக்குப் பயன்படும் ஓபிஎஸ் மென்பொருளில் விளையாட்டை மட்டும் படம்பிடிக்கும்படி வைத்திருப்பீர்கள், மேலே மிதக்கும் ஓவர்லே அதில் சேராது. நேரலைக்கென்றே டிஸ்கார்டு ஸ்ட்ரீம்கிட் என்ற வசதியைத் தருகிறது. அந்தப் பக்கத்துக்குள் சென்று, அனுமதி கொடுத்து, உங்கள் சர்வரையும் குரல் அறையையும் தேர்ந்தெடுத்தால் ஒரு முகவரி கிடைக்கும். அதை ஓபிஎஸ்ஸில் 'பிரவுசர் சோர்ஸ்' ஆகச் சேர்த்துவிட்டால், பேசுகிறவரின் படமும் பெயரும் பின்னணி இல்லாமல் நேரலையில் தோன்றும். அதே கணினியில் டிஸ்கார்டு செயலி திறந்திருக்கவேண்டும். குரல் அறையை மாற்றினால் முகவரியையும் புதிதாக எடுக்கவேண்டும். நண்பர்களின் பெயர் ஊரறியத் திரையில் வரப்போகிறது என்பதால், தொடங்குமுன் அவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். வேண்டாம் என்கிறவர், அந்தச் சர்வருக்குள் மட்டும் வேறு பெயர் வைத்துக்கொண்டு வந்து பேசலாம்.