க்ளோசிங் செலவில் எதைக் குறைக்கலாம்?

கேள்வி: அமெரிக்காவில் முதல் வீடு வாங்குகிறோம். இரண்டு லெண்டர்கள் (கடன் தருபவர்கள்) லோன் எஸ்டிமேட் (கடன் செலவு மதிப்பீட்டுத் தாள்) தந்திருக்கிறார்கள். ஒருவருடைய க்ளோசிங் செலவு (வீடு கைமாறும்போது கட்டும் கட்டணங்கள்) மற்றவரைவிட 2,400 டாலர் குறைவு. அவரிடமே போகலாமா?
– வாசகி, வர்ஜீனியா

பதில்: அவசரப்படாதீர்கள். மொத்தத் தொகையை விட்டுவிட்டு, எஸ்டிமேட்டின் இரண்டாம் பக்கத்தைப் பகுதி பகுதியாக ஒப்பிடுங்கள். எஃப், ஜி பகுதிகளில் இருப்பவை வீட்டு இன்ஷூரன்ஸ், சொத்து வரி, முன்வட்டி (கையெழுத்து நாள் முதல் அந்த மாதக் கடைசி வரையான வட்டி). யாரிடம் கடன் வாங்கினாலும் இவை ஏறக்குறைய ஒன்றுதான். ஒருவர் சொத்து வரியைக் குறைத்துப் போட்டிருந்தாலே அவர் தாள் மலிவாகத் தெரியும்; கையெழுத்து நாளில் முழுத்தொகையும் வந்து நிற்கும்.

லெண்டரின் சொந்தக் கட்டணம் ஏ பகுதியில். பேரம் பேச வேண்டிய இடம் அதுதான். பாயிண்ட் (வட்டி ரேட்டைக் குறைக்க முன்கூட்டியே கட்டும் தொகை) சேர்த்திருக்கிறார்களா என்று பாருங்கள். ஒரு பாயிண்ட் என்பது கடனில் 1 சதவீதம். 3 லட்சம் டாலர் கடனுக்கு 3,000 டாலர். இருவரிடமும் ஒரே நாளில், பாயிண்ட் இல்லாத ரேட்டுக்குப் புதுத் தாள் கேளுங்கள். குறைந்ததை மற்றவரிடம் காட்டி இறங்கி வரச் சொல்லுங்கள், கூச்சமே வேண்டாம்.

சி பகுதியில் உள்ள சேவைகளை நீங்களே தேடிக்கொள்ளலாம். பெரிய தொகை, வீட்டின் உரிமையைச் சரிபார்த்து அதற்கு இன்ஷூரன்ஸ் பாலிசி தரும் டைட்டில் கம்பெனிக்குப் போவது. லெண்டர் தந்த பட்டியலுக்கு வெளியே மலிவாகக் கிடைக்கலாம். ஆனால் அந்தக் கட்டணங்கள் மொத்தமாக 10 சதவீதத்துக்கு மேல் ஏறக்கூடாது என்ற பாதுகாப்பு அப்போது இருக்காது. எல்லாக் கட்டணத்தையும் எழுத்தில் வாங்கிவிடுங்கள். விற்பவர் சில வருடங்களுக்கு முன்புதான் வாங்கியவர் என்றால் அவருடைய பழைய டைட்டில் பாலிசியைக் காட்டி ‘ரீஇஷ்யூ ரேட்’ (பழைய பாலிசி இருப்பதால் கிடைக்கும் குறைந்த கட்டணம்) உண்டா என்று கேளுங்கள். உங்கள் பெயரில் எடுக்கும் ஓனர்ஸ் பாலிசியை மட்டும் தயவுசெய்து வெட்டாதீர்கள். லெண்டர் பாலிசி காப்பது லெண்டரைத்தான்.

கையெழுத்துக்கு 3 வேலை நாட்கள் முன்பே க்ளோசிங் டிஸ்க்ளோஷர் (இறுதிச் செலவுக் கணக்குத் தாள்) கைக்கு வர வேண்டும். வந்ததும் எஸ்டிமேட்டைப் பக்கத்தில் வைத்து ஏ பகுதியைச் சரிபாருங்கள். கடன் தொகை, ரேட் லாக் (வட்டி ரேட்டை உறுதி செய்து வைப்பது) போன்றவை மாறாதபோது அது ஒரு டாலர்கூட ஏறக்கூடாது.

கேள்வி: ‘க்ளோசிங் செலவே இல்லை’ என்று விளம்பரம் செய்கிறார்களே, உண்மையா?

பதில்: செலவு வட்டிக்குள் போய்விடுகிறது. லெண்டர் க்ளோசிங் செலவுக்கு 4,800 டாலர் கிரெடிட் தந்து, கூடின ரேட்டால் தவணை மாதம் 80 டாலர் ஏறினால், 60 மாதத்தில் சரிக்குச் சரி. அதற்குள் விற்பீர்கள் அல்லது ரீஃபைனான்ஸ் (புதுக் கடன் வாங்கிப் பழையதை அடைப்பது) செய்வீர்கள் என்றால் எடுங்கள்.