பிசகிய விரலும் முதுகுக் காயமும்

அன்புள்ள சார்,

வணக்கம். என் மகளுக்குப் பதினைந்து வயது. நான்கு வருடமாகக் கராத்தேயும் இரண்டு வருடமாகச் சிலம்பமும் கற்கிறாள். இரண்டுக்கும் ஒரே மாஸ்டர்தான். போன வாரம் டியூஷன் முடிந்து டவுன் பஸ்ஸில் வரும்போது பின்னால் நின்ற ஆள் அவள் இடுப்பில் கை வைத்திருக்கிறான். தள்ளி நிற்கச் சொல்லியிருக்கிறாள். மறுபடியும் வைத்திருக்கிறான். இவள் அந்தக் கையைப் பிடித்து விரலை முறுக்கிவிட்டாள். விரல் பிசகிவிட்டது. "போலீஸுக்குப் போறேன் பார்" என்று கத்திக்கொண்டே அடுத்த ஸ்டாப்பில் இறங்கிப் போயிருக்கிறான்.

எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. ஆனால் மாஸ்டர் பயமுறுத்திவிட்டார். "கராத்தே கற்றவன் கை சட்டப்படி ஆயுதம். பிளாக் பெல்ட் வாங்கினால் ஸ்டேஷனில் பதிய வேண்டும். வெளியே யாரையாவது தொட்டால் நம் மேல்தான் கேஸ் வரும்" என்கிறார். பெண்பிள்ளை விஷயம், பேசாமல் விட்டுவிடுவோம் என்கிறாள் என் மனைவி. அதனால் நாங்கள் புகார் எதுவும் கொடுக்கவில்லை. அடிக்கக் கூடாது என்றால் எதற்கு மாதாமாதம் பணம் கட்டிக் கற்க வேண்டும்? நீங்கள் கோர்ட்டில் இருந்தவர் என்பதால் கேட்கிறேன்.

பி.கு.: தை மாதம் அவளுக்கு அரங்கேற்றம். மாஸ்டர் தன் ஆசானிடமிருந்து வந்த மான் கொம்பு ஒன்றை, சிலம்பத்தில் ஆயுதமாகப் பிடிப்பதற்காகக் கொடுத்திருக்கிறார். இப்போது எங்கள் வீட்டில்தான் இருக்கிறது. அதற்கு லைசென்ஸ் வேண்டுமா?

ம.

அன்புள்ள ம.,

கடிதத்தில் இருந்த பெயர், ஊர், பஸ் தடம் எல்லாவற்றையும் எடுத்துவிட்டுத்தான் போட்டிருக்கிறேன். பாதிக்கப்பட்ட குழந்தையை அடையாளம் காட்டும் எதையும் வெளியிடக் கூடாது என்கிறது, குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டம். போக்சோ என்றதும் திடுக்கிட வேண்டாம், பஸ்ஸில் நடந்தது அதுதான். நீங்கள் விரலை நினைத்துக் கவலைப்பட்டு, இடுப்பில் வைத்த கையை மறந்துவிட்டீர்கள்.

பதினெட்டு வயதுக்குக் கீழுள்ள பிள்ளையைப் பாலியல் எண்ணத்தோடு தொட்டால் குறைந்தது மூன்று ஆண்டு, அதிகபட்சம் ஐந்து ஆண்டு சிறை. உடைக்கு மேல்தானே தொட்டான் என்ற வாதமும் எடுபடாது. தோலோடு தோல் படவேண்டிய அவசியமில்லை என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. இதையெல்லாம்விட உங்களுக்கு முக்கியமானது ஒன்று உண்டு. அந்தச் சட்டத்தின் 19-ஆம் பிரிவுப்படி இப்படியொரு குற்றம் தெரிந்த எவரும் காவல்துறைக்குச் சொல்லியே ஆகவேண்டும், சொல்லாமல் இருப்பதே குற்றம். பேசாமல் விட்டுவிடும் வழி சட்டத்தில் இல்லை. பிள்ளையை ஸ்டேஷனுக்கு இழுத்தடிப்பார்களோ என்று உங்கள் வீட்டில் பயப்படுவது புரிகிறது. வாக்குமூலத்தை வீட்டிலேயே, கூடுமானவரை பெண் எஸ்.ஐ. ஒருவர், காக்கிச் சட்டை போடாமல் வந்து பதிய வேண்டும் என்று அதே சட்டத்தில் இருக்கிறது. எங்கே தொடங்குவதென்று தெரியாவிட்டால் குழந்தைகள் உதவி எண் 1098-க்குப் போன் செய்யுங்கள்.

சரி, விரலுக்கு வருவோம்.

கை ஆயுதமாகிவிடும், ஸ்டேஷனில் பதிய வேண்டும் என்பது நான் பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதே கேட்ட கதை. இந்தியாவில் அப்படி ஒரு சட்டம் கிடையாது. பசிபிக் கடலில் அமெரிக்காவுக்குச் சொந்தமான குவாம் என்ற தீவின் சட்டத்தொகுப்பில், கராத்தே, ஜூடோ நிபுணர்கள் பதிவு செய்துகொள்ள வேண்டும் என்று உண்மையாகவே எழுதியிருக்கிறது. அதையும் காவல்துறையிடம் அல்ல, வரித் துறையிடம் போய்ச் செய்ய வேண்டுமாம். உங்கள் மாஸ்டர் குவாமில் வகுப்பு எடுத்தால் கவலைப்படட்டும்.

நம்மிடம் இருப்பது தற்காப்பு உரிமை. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 96 முதல் 106 வரை இருந்த பிரிவுகள், 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் 34 முதல் 44 வரை இருக்கின்றன. எண்தான் மாறியது, சரக்கு ஏறக்குறைய அப்படியே இருக்கிறது. இதற்கு முதல் வரைவு எழுதியது, கிழக்கிந்தியக் கம்பெனி ஆட்சியில், 1837-இல் மெக்காலேயின் குழு. மக்கள் எதிர்த்து நிற்கும் துணிச்சலை வளர்க்க வேண்டும், இந்த உரிமைக்கு மேலும் மேலும் கட்டுப்பாடு போடக் கூடாது என்று அவர்கள் குறிப்பு எழுதி வைத்தார்கள். அதற்கு முப்பத்தாறு வருடம் முன்னால், 1801 டிசம்பரில், தெற்கே பாளையக்காரர்களின் பகுதிகளில் எவனும் ஆயுதம் எடுக்கக் கூடாது என்று பிரகடனம் போட்டதும் அதே கம்பெனிதான். ஈட்டியையும் கம்பையும் பிடுங்கிக்கொண்டு, இவர்களுக்கு வீரம் போதவில்லையே என்று கவலைப்பட்டிருக்கிறார்கள்!

விரல் பிசகியது சட்டப்படி சின்னக் காயம் இல்லை. எலும்பு முறிந்தாலும் மூட்டு விலகினாலும் அது கொடுங்காயம். வேண்டுமென்று அதை உண்டாக்கினால் ஏழு ஆண்டுவரை தண்டனை உண்டு. உங்கள் மாஸ்டரின் பயத்தில் உண்மை இருப்பது இந்த அளவுக்குத்தான். ஆனால் ஒருவர் தன் உடம்பின் மேலோ இன்னொருவர் உடம்பின் மேலோ நடக்கும் குற்றத்தைத் தடுக்கும்போது, அதற்குத் தேவையான அளவு செய்யும் காயம் குற்றமே ஆகாது. கை இடுப்பில் இருக்கும்போது அந்தக் கையைப் பிடித்து முறுக்கினாள். அதுவும் ஒருமுறை சொல்லிப் பார்த்த பிறகு. பஸ்ஸை நிறுத்தி, போலீஸ் வரும்வரை அந்தக் கையை அங்கேயே இருக்கவிட வேண்டும் என்று எந்த நீதிபதியும் சொல்லமாட்டார். அடி விழட்டும், அப்புறம் தடுக்கலாம் என்று காத்திருக்க வேண்டியதும் இல்லை. நியாயமான அச்சம் வந்த நொடியிலேயே உரிமை தொடங்கிவிடுகிறது. தகப்பனை வெட்ட வந்தவரை மகன் சுட்டுக் கொன்ற தர்ஷன் சிங் எதிர் பஞ்சாப் அரசு வழக்கில், 2010-இல் உச்ச நீதிமன்றம் இதையெல்லாம் பத்து அம்சங்களாகத் தொகுத்துச் சொல்லி அவரை விடுதலை செய்தது. தாக்கப்படுகிறவன் தன் பதிலடியைக் கணக்குப் போட்டு அளந்து கொடுக்க முடியாது என்பது அதில் ஒன்று.

நம் பக்கத்திலேயே பாருங்கள். 2012-இல் மதுரையில் குடித்துவிட்டு வந்து மகளிடம் தவறாக நடக்கப்போன கணவனை ஒரு பெண் கிரிக்கெட் மட்டையால் அடித்ததில் அவர் இறந்துபோனார். 2021-இல் சோழவரம் அருகே கத்தியைக் காட்டி மிரட்டிய உறவுக்காரரை, அதே கத்தியைப் பிடுங்கிக் குத்தினார் பத்தொன்பது வயதுப் பெண். இரண்டிலும் காவல்துறையே தற்காப்புப் பிரிவைக் காட்டி அந்தப் பெண்களை விடுவித்தது. இருவரும் எந்த வகுப்புக்கும் போனவர்கள் இல்லை என்றுதான் நினைக்கிறேன்.

அப்படியானால் பயிற்சி பெற்றவர்கள் எங்கே மாட்டுகிறார்கள்? நான் ஜூனியராக இருந்தபோது வந்த ஒரு வழக்கைச் சொல்கிறேன். மில்லில் வேலை பார்த்த பையன், ஊர்த் திருவிழாவில் கம்பு சுற்றினால் கூட்டம் கூடும். ஒருநாள் இரவு டீக்கடையில் ஓர் ஆள் குடித்துவிட்டு உடைந்த பாட்டிலோடு வந்து இவன் கையில் கீறிவிட்டான். பக்கத்தில் கிடந்த கம்பை எடுத்து இவன் மணிக்கட்டில் போட்டான், பாட்டில் விழுந்தது. முழங்காலில் போட்டான், ஆள் விழுந்தான். அதோடு கம்பைக் கீழே போட்டிருந்தால் வழக்கே நின்றிருக்காது. விழுந்தவன் மேல் இன்னும் இரண்டு போட்டான். காயச் சான்றில் நான்கு காயம். அரசு வக்கீல் முதல் இரண்டைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. நான்காவதை மட்டும் வாசித்தார், "முதுகில், வலது தோள்பட்டைக்குக் கீழே." பிறகு, "பாட்டிலோடு வந்தவர் உங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டா வந்தார்?" என்று கேட்டார்.

வெண்ணிப் போரில் முதுகில் பட்ட புண்ணுக்கு வெட்கி வடக்கிருந்து உயிர்விட்ட சேரமானைத் தமிழ் வகுப்பில் படித்திருப்பீர்கள். அங்கே முதுகுப் புண் வாங்கியவனுக்கு அவமானம். கோர்ட்டில் அது கொடுத்தவனுக்கு.

அந்தப் பையன் இன்னொரு தப்பும் செய்திருந்தான். கையில் பட்ட கீறலுக்கு வீட்டில் மஞ்சளை வைத்துக் கட்டிக்கொண்டு படுத்துவிட்டான். அடிபட்டவனோ நேராக அரசு மருத்துவமனைக்குப் போனான், விபத்துப் பதிவேட்டில் ஏறியது, அந்தப் பதிவின் நகல், ஏ.ஆர். காப்பி என்பார்கள், ஸ்டேஷனுக்குப் போனது, எஃப்.ஐ.ஆர். விழுந்தது. இவனுக்குப் பாட்டில் காயம் பட்டது என்பதற்கு ஒரு காகிதம் இல்லை. தற்காப்புக்காகத்தான் அடித்தேன் என்றால் அதைக் காட்டும் பொறுப்பு அடித்தவனுடையது. சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டாம், அப்படித்தான் நடந்திருக்கும் என்று நம்பவைத்தால் போதும். ஆனால் நம்பவைக்க ஏதாவது கையில் இருக்க வேண்டுமே. அன்றிரவே மருத்துவமனைக்குப் போய், ஸ்டேஷனில் அவனும் ஒரு புகார் கொடுத்திருந்தால் கேஸும் கவுன்ட்டர் கேஸுமாக ஆகியிருக்கும், இரண்டையும் சேர்த்தே விசாரித்திருப்பார்கள். கடைசியில் தண்டனை குறைவாகத்தான் கிடைத்தது. ஆனால் வாய்தாவுக்கு அலைந்தே மில் வேலை போய்விட்டது.

இதனால்தான் எனக்கு மாஸ்டர்கள் மேல் கோபம். அடியை வரிசை வரிசையாகச் சொல்லிக் கொடுக்கிறார்கள். நிறுத்துவதை யாரும் சொல்லிக் கொடுப்பதில்லை. அதற்குப் பதிலாக, கை ஆயுதம் ஆகிவிடும் என்று பூச்சாண்டி காட்டுகிறார்கள். பயந்த பிள்ளை அடிக்க வேண்டிய இடத்தில் கை கட்டி நிற்கும். பயம் விட்டுப்போன பிள்ளை நான்காவது அடியையும் போடும். உங்கள் மகள் விரலை முறுக்கியதோடு விட்டாள், அவன் இறங்கியபோது பின்னால் போகவில்லை. அவளும் இறங்கிப் போய் ஓர் உதை விட்டிருந்தால் நான் இந்தப் பதிலை வேறு மாதிரி எழுதியிருப்பேன். பஸ்ஸில் இருந்தவர்கள் அவனைப் பிடித்துக் கம்பத்தில் கட்டிவைத்து அடித்திருந்தாலும் அப்படியே. பேப்பரில் 'தர்ம அடி' என்று எழுதுகிறார்கள், சட்டத்தில் அதற்குப் பிரிவு இல்லை.

வகுப்பில் நடக்கும் சண்டைப் பயிற்சி வேறு கணக்கு. அதைச் சட்டம் எழுதியவர்களே யோசித்திருக்கிறார்கள். இருவர் பொழுதுபோக்காக வாள்பயிற்சி செய்ய ஒத்துக்கொண்டு, விதி மீறாமல் ஆடும்போது ஒருவருக்குக் காயம் பட்டால் குற்றமில்லை என்று பிரிவிலேயே உதாரணம் இருக்கிறது. ஆனால் அந்தப் பிரிவு பதினெட்டு வயது தாண்டியவர்களின் சம்மதத்தைப் பற்றியது. உங்கள் மகள் வயதுப் பிள்ளைகளுக்கு, அவர்கள் நன்மைக்காக நல்லெண்ணத்தோடு செய்தது என்று வேறு பிரிவில்தான் நிற்க முடியும். தலைக்கவசமும் மார்புக் கவசமும் இல்லாமல் மோதவிடும் மாஸ்டர் அந்த நல்லெண்ணத்தை எப்படிக் காட்டுவார் என்று கேட்டுப் பாருங்கள்.

ஆயுதம் பற்றிக் கேட்டீர்கள். சிலம்பக் கம்புக்கு லைசென்ஸ் வேண்டாம். 1959-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம், லத்தி, கைத்தடி போல வீட்டுக்கும் வயலுக்கும் ஆன பொருட்கள் ஆயுதமே இல்லை என்கிறது. பஸ்ஸில் கொண்டுபோனால் கண்டக்டர் முறைப்பார், அவ்வளவுதான். அதே கம்பு ஒருவன் மண்டையில் இறங்கினால் மட்டும் அது அபாயகரமான ஆயுதம் ஆகிவிடும், பிரிவும் கனமாகும். சுருள்வாள் அப்படியில்லை. ஒன்பது அங்குலத்துக்கு மேல் நீளமான கூரிய ஆயுதங்கள் ஆயுத விதிகளுக்குள் வருகின்றன. அரங்கேற்றத்துக்குக் கூர் இல்லாத வாளே போதும்.

மான் கொம்புதான் சிக்கல். அதற்கு ஆயுதச் சட்டத்தைப் புரட்ட வேண்டாம், 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தைப் பாருங்கள். உரிய சான்று இல்லாமல் வீட்டில் வைத்திருப்பதே குற்றம். ஆசான் வழி வந்தது என்பது வனச்சரகர் முன்னால் பதில் ஆகாது. விரலுக்காக உங்கள் வீட்டுக் கதவை யாரும் தட்டுவார்கள் என்று நான் நினைக்கவில்லை. கொம்புக்காகத் தட்டலாம். மாஸ்டரையும் கூட்டிக்கொண்டு, தெரிந்த ஒரு வக்கீல் மூலமாக அதை வனத்துறையில் ஒப்படைத்துவிடுங்கள். மரத்தில் கடைந்து இரும்புப் பூண் போட்ட கொம்பு கடையில் கிடைக்கிறது. தை மாதத்துக்கு இன்னும் நாள் இருக்கிறது, அதில் பழகிக்கொள்வாள்.