பெயின்டிங் காண்ட்ராக்ட் தொடங்கப் பதிவும் இன்சூரன்ஸும் என்னென்ன வேண்டும்?

பெயின்டராக இருந்தவர், இனி நாலு ஆள் வைத்துச் சொந்தமாகக் காண்ட்ராக்ட் எடுக்க என்னென்ன வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். தமிழ்நாட்டு நிலவரப்படி சொல்கிறேன்.

பதிவு சுலபம். ஆதாரும் பானும் இருந்தால், சிறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவான உத்யம் பதிவை ஆன்லைனில் இலவசமாக முடிக்கலாம். ஏஜென்ட்டுக்குக் காசு அழாதீர்கள். ஆண்டு வரவு 20 லட்சம் தாண்டினால் ஜிஎஸ்டி கட்டாயம். பெயின்ட் நீங்களே வாங்கி அடித்துக் கொடுத்தால் அந்தத் தொகையும் வரவில் சேரும், கவனம்.

உண்மையான ஆபத்து சாரத்தில் இருக்கிறது. இரண்டாம் மாடி சன்ஷேடுக்கு மேலே, ஒரு கையில் டப்பாவும் மறு கையில் பிரஷ்ஷுமாக நிற்கிறவர் வேலை நேரத்தில் தவறி விழுந்தால், இழப்பீட்டுப் பொறுப்பு உங்கள் தலையில்தான் விழும். வாய்ப்பேச்சில் கூட்டி வந்த தினக்கூலி ஆளாக இருந்தாலும் அப்படித்தான். அதனால் முதல் வேலைக்கு முன்பே தொழிலாளர் இழப்பீட்டு பாலிசி எடுத்துவிடுங்கள், தயவுசெய்து தள்ளிப்போடாதீர்கள். ஆட்களைக் கட்டுமானத் தொழிலாளர் நல வாரியத்திலும் பதிய வையுங்கள். பெயின்டர்களுக்கும் அதில் இடமுண்டு. வங்கிக் கணக்கு வழியாக வருடம் 20 ரூபாய்க்குக் கிடைக்கும் பிரதமர் சுரக்ஷா பீமா, விபத்தில் உயிர் போனால் குடும்பத்துக்கு 2 லட்சம் தரும். ஆனாலும் உங்கள் பொறுப்பை அது தீர்க்காது.

பக்கத்து வீட்டுக் கார்மேல் பெயின்ட் கொட்டினால்? அதற்கு மூன்றாம் நபர் பொறுப்புக் காப்பீடு தனியாக இருக்கிறது.